கோரம் மாஃபி

1

என் மனைவி ஊராட்சித் தலைவர். நான் ராஸ் அல் கைமாவில் டைல்ஸ் சுடுகிறேன்.

இதைச் சொன்னால் யாரும் நம்புவதில்லை. போன வாரம் டைப்பிங் சென்டருக்குப் போயிருந்தேன். இங்கே எமிரேட்ஸில் அரசாங்கத்துக்குப் போகிற எல்லா விண்ணப்பத்தையும் அந்தக் கடையில்தான் அடித்துக் கொடுப்பார்கள். மகளுக்குப் பரீட்சை முடிந்ததும் அவளையும் மனைவி வடிவையும் ஒரு மாதம் இங்கே கூட்டி வரலாம் என்று ஆசை. கம்ப்யூட்டர் முன்னால் இருந்தவர் மலையாளி. பெயர் கேட்டார். பிறந்த ஊர் கேட்டார்.

“வைஃப் எந்தா ஜோலி?”

“பிரசிடெண்ட்.”

கை நின்றது. கண்ணாடிக்கு மேலாக என்னைப் பார்த்தார். என் காலர் முழுக்க வெள்ளை மண்.

“ஏது கம்பெனி?”

“கம்பெனி இல்லை. ஊர்.”

“ஊரோ?”

“ஊர்ப் பஞ்சாயத்து.”

அவர் பட்டியலை மேலும் கீழும் உருட்டினார். டிரைவர் இருந்தது. டாக்டர் இருந்தது. ஒட்டகம் மேய்ப்பவர்கூட இருந்தது. ஊராட்சித் தலைவர் இல்லை.

“ஹவுஸ் வைஃப்னு அடிக்கட்டே சேட்டா? பிரஸ்னம் இல்லல்லோ?”

“அடிங்க. கோவிச்சுக்க மாட்டா.”

வெளியே வந்த பிறகுதான் கோவிப்பாளோ என்று தோன்றியது. சாயங்காலம் போனில் சொன்னேன். சிரித்தாள்.

“வீட்டுலயும் நான்தான வேல பாக்கேன். அது பொய்யில்லையே. கையெழுத்து மட்டும் நானே போடணும், சொல்லிட்டேன். நீங்க போட்டு அனுப்பிராதிய.”

அந்தச் சிரிப்பைக் கேட்டுத்தான் இதை எழுத உட்கார்ந்தேன். ஊரில் இருப்பவர்களுக்குத் தெரிந்த கதைதான். ஆனால் அவர்கள் கூட்டத்துக்குள் உட்கார்ந்து பார்த்தார்கள். நான் போனில் பார்த்தேன். போனில் பார்த்தால் வேறு மாதிரி தெரிகிறது.

2

இங்கே என்னை யாரும் செல்லத்துரை என்று கூப்பிடுவதில்லை. பாஸ்போர்ட்டில் அப்பா பெயர் முன்னால் ஏறிவிட்டது. சுடலைமுத்து. பதினெட்டு வருஷமாக அப்பா பெயரில்தான் வேலை பார்க்கிறேன். அப்பா தென்காசியைத் தாண்டியதில்லை. ஆனால் அவருக்கு இங்கே லேபர் கார்டு இருக்கிறது, இன்சூரன்ஸ் இருக்கிறது, கம்பெனியில் நல்ல பெயரும் இருக்கிறது. விசா மெடிக்கலுக்குப் போனால் “சுதால்! சுதால்!” என்று ஒரு நர்ஸ் கத்துவார். இரண்டாவது தடவை கத்தும்போதுதான் நான் எழுந்திருப்பேன்.

வேலை சூளையில். நம் ஊர் செங்கல் சூளையை நினைக்க வேண்டாம். இது ரயில் வண்டி போல நீளம். ஒரு பக்கம் சுடாத பச்சை டைல் போகும். மறுபக்கம் சுட்டு வரும். நான் மறுபக்கம் நிற்பேன். விரிசல் விட்டதைப் பார்த்து எடுத்துப் போடுவேன். விரிசல் சூளையில் வருவதில்லை. முன்னாலேயே அச்சில் வந்துவிடும். சூளையில் தெரிய வரும். அவ்வளவுதான்.

கேம்ப் அறையில் ஆறு பேர். இரண்டு பேரைச் சொன்னால் போதும். சுப்பையா ராமநாதபுரத்துக்காரன், என் கட்டிலுக்கு மேல் கட்டில். பஷீர் இக்கா பாலக்காடு, அறைக்கு மூத்தவர். உலகத்தில் தனக்குத் தெரியாத விஷயம் இல்லை என்று அவருக்கு நம்பிக்கை. நாங்களும் அதைக் கலைக்கவில்லை.

மகள் பிரியா அப்போது பன்னிரண்டாம் வகுப்பு. இப்போது காலேஜ். அவளோடு நான் போனில் பேசுவது இப்படி இருக்கும்.

“சாப்ட்டியா?”

“சாப்ட்டேன்.”

“படிக்கியா?”

“படிக்கேன்.”

“சரி.”

“அம்மாட்ட குடுக்கட்டா?”

இதில் யார் மேலும் குற்றம் இல்லை. பேச்சு ஓட ஒரு விஷயம் வேண்டும். எங்களுக்குள் விஷயம் இல்லை. பிறகுதான் கிடைத்தது.

3

எங்கள் ஊராட்சியைப் பெண்களுக்கு ஒதுக்கினார்கள். அதில் எல்லாரையும்விடத் தவித்துப்போனவர் என் அண்ணாச்சி.

அண்ணாச்சி பெயர் பால்பாண்டி. கூடப் பிறந்தவர், பத்து வயசு மூத்தவர், வடிவுக்கு அத்தான். குவைத்தில் ஃபர்வானியாவில் ஆறு வருஷம் இருந்துவிட்டு ஊருக்குப் போனார். போகும்போது இரண்டு அரபி வார்த்தை கொண்டு போனார். மாஃபி என்றால் இல்லை. கலாஸ் என்றால் முடிந்தது. ஊராட்சி நடத்த அந்த இரண்டு வார்த்தையே போதும் என்று காட்டியவர் அவர். முன்பு ஒரு தடவை தலைவராக இருந்தார். தெருவிளக்கு கேட்டு வந்தால் மாஃபி. அதற்கு மேல் பேசினால் கலாஸ். ஊரில் கலாஸ் அண்ணாச்சி என்றுதான் பெயர்.

கெட்ட மனுஷன் இல்லை. ஒரு வீட்டில் சாவு என்றால் முதலில் போய் நிற்பார். எனக்கு விசா எடுத்துக் கொடுத்தவரும் அவர்தான். ஊர் தன் கையில் இருந்தால்தான் நன்றாக இருக்கும் என்று நினைப்பார். அது ஒன்றுதான்.

பெண்கள்தான் நிற்க முடியும் என்றதும் முதலில் தன் மனைவியை, என் மதினியை, நிற்கச் சொன்னார். மதினி மாட்டேன் என்று சொல்லிவிட்டாள். அண்ணாச்சியை நன்றாகத் தெரிந்தவள். பிறகு எனக்குப் போன் போட்டார்.

“ஏலே, ஒம் பொண்டாட்டிய நிறுத்துதேன். பேருக்கு அவ. மத்தத நான் பாத்துக்கிடுதேன்.”

சரி என்றேன். அவர் சொல்லி நான் மறுத்ததில்லை.

இது எங்கள் ஊர் வழக்கம் மட்டும் இல்லை. மனைவி ஜெயித்தால் நாற்காலியில் கணவன் உட்காருவான். கணவன் வளைகுடாவில் இருந்தால் கணவனின் அண்ணன் உட்காருவார். ஜெயித்த மறுநாள் அண்ணாச்சி வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு ஆபீசுக்குப் போனார். நாற்காலியில் வடிவு உட்கார்ந்திருந்தாள். வேறு நாற்காலி போடச் சொன்னாள். அதுவும் நல்ல நாற்காலிதான் என்று பிரியா சொன்னாள்.

வடிவு பத்தாவது வரை படித்தவள். பீடி சுற்றுகிறவள். பீடி சுற்றுகிற பெண்களுக்கு எண்ணிக்கை தப்பாது. கண்ணை மூடிக்கொண்டு பீடிக் கட்டைத் தொட்டு இதில் ஒன்று குறைகிறது என்பாள். அண்ணாச்சி இதைக் கணக்கில் எடுத்துக்கொள்ளவில்லை. நானும்தான்.

4

கிராம சபை என்று ஒன்று உண்டு. வருஷத்தில் சில நாள், ஓட்டு உள்ள எல்லாரும் ஒரே இடத்தில் உட்கார்ந்து ஊருக்கு என்ன வேண்டும் என்று பேசித் தீர்மானம் போட வேண்டும். சட்டம் அப்படி. எங்கள் ஊரில் கூட்டத்துக்கு ஆள் போவதில்லை. ஆளைத் தேடி நோட்டு வரும். ஊராட்சி செயலர் வருகை நோட்டைத் தூக்கிக்கொண்டு வீடு வீடாகப் போவார். வாசலில் நின்று கையெழுத்து வாங்குவார். ஆள் இல்லாத வீட்டில் இருக்கிறவர் போடுவார். இதற்கு நோட்டு சுத்துறது என்று பெயர். யாரும் தப்பாக நினைத்ததில்லை. வெயிலில் போய் உட்காருவதைவிட இது வசதி.

வடிவுக்கு முதல் கிராம சபை வந்தது. அதற்கு இரண்டு வாரம் முன்னால் செயலர் வந்தார்.

“தலைவரம்மா, நாளைலருந்து நோட்டு சுத்த ஆரம்பிச்சிரட்டா?”

“பழைய நோட்டக் குடுத்துட்டுப் போங்க. பாத்துட்டுச் சொல்லுதேன்.”

மறுநாள் காலையில் எனக்கு ஒரு போட்டோ வந்தது. நோட்டில் ஒரு பக்கம். அதில் ஒரு வரியைச் சுற்றி வட்டம். சு. செல்லத்துரை. பக்கத்தில் கையெழுத்து. கீழே ஒரு வாய்ஸ் மெசேஜ்.

“இந்தக் கூட்டத்துக்கு எப்ப வந்தீய? எனக்குச் சொல்லவே இல்லையே.”

நான் பார்த்துக்கொண்டே இருந்தேன். என் கையெழுத்து எனக்குத் தெரியும். பாஸ்போர்ட் எடுக்கும்போது அண்ணாச்சி சொல்லிக் கொடுத்தது. மண்புழு நெளிகிற மாதிரி இருக்கும். நோட்டில் இருந்தது அழகாக இருந்தது. சுழியெல்லாம் சரியாக இருந்தது. அப்படி எனக்குப் போட வராது.

இப்படி மூன்று கூட்டத்தில் நான் இருந்திருக்கிறேன். பதினெட்டு வருஷமாக ஒரு தேர்தலில்கூட ஓட்டுப் போட்டதில்லை. மூன்று தீர்மானம் போட்டிருக்கிறேன். மூன்றாவது தீர்மானம்தான் விஷயம். ஊருக்கு மேல்நிலைத் தண்ணீர்த் தொட்டி. இடம், அண்ணாச்சியின் தென்னந்தோப்புக்குப் பக்கம். தீர்மானம் அவர் காலத்தில் போட்டது. பணம் இப்போதுதான் ஒதுக்கினார்கள்.

தண்ணீர் இல்லாதது கீழத் தெருவுக்கு. அவர்கள் ரோட்டைத் தாண்டி வந்து குடம் பிடிக்கிறார்கள். தொட்டி பள்ளிக்கூடத்துக்குப் பின்னால் வந்தால் குழாய் நேராக அவர்கள் வாசலுக்குப் போகும். தோப்புப் பக்கம் வந்தால் கடைசிக் குழாய் அவர்களுடையது. கடைசிக் குழாயில் காற்றுதான் வரும்.

சாயங்காலம் வடிவு கூப்பிட்டாள்.

“ஒண்ணு மட்டும் சொல்லுங்க. ஒங்களக் கேட்டுட்டா போட்டாக?”

“இல்ல.”

“கேட்டிருந்தா?”

யோசித்தேன். “போடுங்கன்னு சொல்லிருப்பேன்.”

“அதான் கேட்டேன்” என்று வைத்துவிட்டாள்.

5

மறுநாள் ஊராட்சி ஆபீஸ் சுவரில் ஒரு தாள் ஒட்டினாள். இந்தத் தடவை நோட்டு சுற்றாது. வருகிறவர் மட்டும் கையெழுத்துப் போடலாம். வெளிநாட்டில் இருப்பவர் பெயரை எழுத முடியாது. தொட்டிக்கு இடம் எது என்று கூட்டத்தில் மறுபடி பேசுவோம்.

சட்டத்தில் புதிதாக ஒன்றும் இல்லை. இருந்ததைத்தான் தாளில் எழுதி ஒட்டினாள். அதற்கே ஊர் இரண்டு பட்டது.

செயலர் பயந்துவிட்டார். அவர் சொன்னதை வடிவு எனக்குச் சொன்னாள்.

“நூறு பேரு வேணுமாம். இல்லேன்னா கோரம் இல்லையாம். கூட்டம் செல்லாதாம். பழைய தீர்மானமே நிக்குமாம்.”

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. “கோரமா? எதுக்குளா கோரம்? யாருக்கும் அடிபட்டுட்டா?”

“ஐயோ, அதில்ல. இத்தன ஆளு இருந்தாத்தான் கூட்டம்னு ஒரு கணக்கு. இங்கிலீஷ்ல கோரம். தமிழ்ல குறைவெண் வரம்புன்னு போட்டிருக்கு.”

“இது அதவிடக் கோரமா இருக்கு.”

அறையில் சுப்பையா கேட்டுக்கொண்டிருந்தான். “அண்ணே, ஊர்ல ஏதும் கோரமாண்ணே?” என்று கட்டிலிலிருந்து இறங்கி வந்தான். அவனுக்கு விளக்கிச் சொல்ல அரைமணி நேரம் ஆனது. அன்றிலிருந்து எங்கள் அறையில் அது நிலைத்துவிட்டது. சாப்பிட ஆறு பேரும் வராவிட்டால் பஷீர் இக்கா சோற்றுப் பானையைத் திறக்க மாட்டார். “கோரம் ஆயிட்டில்லா”, இன்னும் ஆகவில்லை என்பார்.

அண்ணாச்சி போன் போட்டார்.

“ஏலே, நூறு பேரு எங்கலே வருவான்? எங் காலத்துல இருவது பேரு வந்தா திருவிழா. கூட்டம் செல்லாமப் போனா அவளுக்குத்தான் அசிங்கம். பொம்பளைக்கு நடத்தத் தெரியலன்னு பேசுவான். நீ சொல்லு அவகிட்ட. நோட்டு சுத்தட்டும்.”

அவர் சொன்னதில் ஒன்று சரி. ஆள் வராவிட்டால் அசிங்கம் வடிவுக்குத்தான். நூறு நாள் வேலைக்குப் போகிற பெண்கள் கூலியை விட்டு வர வேண்டும். தோட்ட வேலைக்காரர்கள் வர வேண்டும். இதுவரை வந்து எதுவும் நடக்காத கூட்டத்துக்கு யார் வருவார்கள்?

“சொல்லுதேன் அண்ணாச்சி” என்றேன்.

வடிவிடம் சொல்லவில்லை. அவரிடம் சொல்லிவிட்டு ஒரு காரியத்தைச் செய்யாமல் விட்டது அதுதான் முதல் தடவை.

6

அதற்குக் காரணம் உண்டு. முன்பே தொழிற்சாலையில் நடந்தது.

ஒவ்வொரு ஷிஃப்டுக்கும் முன்னால் ஐந்து நிமிஷம் பாதுகாப்புப் பேச்சு நடக்கும். ஹெல்மெட் போடு, கையுறை போடு. முடிந்ததும் ஒரு தாளில் எல்லாரும் கையெழுத்துப் போட வேண்டும். ஒருநாள் சுப்பையாவுக்குப் பல்வலி. கேம்பில் படுத்துவிட்டான். பிறகு வந்துவிடுவான் என்று நினைத்து அவன் பெயருக்கு நேரே நான் போட்டேன். அவனும் எனக்குப் போட்டிருக்கிறான். நண்பர்களுக்குள் இது சகஜம்.

அன்றைக்கென்று நெருப்பு மணி அடித்தது. எல்லாரும் வெளியே ஓடி வந்து வண்டி நிறுத்துகிற இடத்தில் நின்றோம். ஃபோர்மேன் இம்தியாஸ் பாய் பாகிஸ்தான்காரர். தாளை வைத்துத் தலை எண்ணினார். தாளில் நாற்பத்தொன்று. நிற்பது நாற்பது. மறுபடி எண்ணினார். நாற்பது.

இரண்டு பேர் முகமூடி மாட்டிக்கொண்டு சூளைக் கூடத்துக்குள் ஓடினார்கள். “சுப்பாயா! சுப்பாயா!” என்று குழாய்க்குள் எல்லாம் கத்தினார்கள். நான் இம்தியாஸ் பாயிடம் ஓடினேன். போய்ச் சொன்னேன்.

“பாய், அவன் கேம்ப்ல இருக்கான். கையெழுத்து நான் போட்டது.”

இம்தியாஸ் பாய் தாளைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். “சைன் ஹை, ஆத்மி கஹாங் ஹை?” என்றார். கையெழுத்து இருக்கிறது, ஆள் எங்கே? சத்தம் போடவில்லை. அதுதான் வலித்தது. மூன்று நாள் என்னிடம் பேசவில்லை. நான்காம் நாள் டீ வாங்கித் தந்தார்.

நெருப்பு இல்லை, வெறும் பயிற்சிதான். சுப்பையாவுக்கு மட்டும் பெருமை. “எனக்காக மாஸ்க் போட்டுத் தேடுனாங்களாண்ணே?” என்று ஒரு மாதம் கேட்டுக்கொண்டிருந்தான்.

வடிவு தாள் ஒட்டியதும் வளைகுடாவில் இருக்கிற எங்கள் ஊர்க்காரர்களுக்குக் கோபம். எங்களுக்கு ஒரு வாட்ஸ்அப் குரூப் உண்டு. சவூதி அல் கோபாரில் ஏசி மெக்கானிக்காக இருக்கும் வேலுச்சாமி நேராகவே கூப்பிட்டான்.

“என்னண்ணே, மதினி எங்க பேர எடுத்துட்டாகளாமே? நாங்க ஊர்க்காரன் இல்லையா?”

“ஊர்க்காரன்தான்.”

“பிறகு?”

சூளைக் கதையைச் சொன்னேன். முழுசாகக் கேட்டான்.

“சரி, நாங்க என்ன செய்யணும்?”

“கையெழுத்து வேண்டாம். வீட்டுக்குப் போன் போடு. ஆள அனுப்பு.”

அவன் அதைக் குரூப்பில் போட்டான். நான் எழுதியிருந்தால் இரண்டு வரியோடு நின்றிருக்கும். அவன் நன்றாகத் திட்டி எழுதினான். திட்டினால்தான் எங்கள் ஆள்கள் அசைவார்கள். அந்த வாரம் குவைத்திலிருந்தும் சவூதியிலிருந்தும் துபாயிலிருந்தும் ஊருக்குப் போன் போனது. வழக்கமாகச் சாப்பிட்டியா என்று கேட்கிறவர்கள் கூட்டத்துக்குப் போவியா என்று கேட்டார்கள்.

பிரியாவும் என்னிடம் பேச ஆரம்பித்தாள். “அப்பா, நேத்து அறுவது பேரு வாரோம்னு சொல்லிருக்காக. கீழத் தெரு பார்வதி அத்தை மட்டும் பதினாலு பேரு கூட்டி வாராக.” அம்மாட்ட குடுக்கட்டா என்று அன்று கேட்கவில்லை.

7

கூட்டத்தன்று எனக்கு மதிய ஷிஃப்ட். இங்கே காலை ஒன்பதரை, ஊரில் பதினொன்று. பிரியா வீடியோ காலில் பிடித்தாள். நான், சுப்பையா, பஷீர் இக்கா மூவரும் ஒரே கட்டிலில் உட்கார்ந்து பார்த்தோம்.

பள்ளிக்கூட மைதானம். துணிப் பந்தல். பெண்கள்தான் அதிகம். வடிவு மேசைக்குப் பின்னால் இருந்தாள். கிளிப்பச்சைச் சேலை. நான் வாங்கி அனுப்பியது இல்லை, அவளே வாங்கியது.

“ஞங்கட கேரளத்தில் கிராம சபைக்கு ஆள் நெறையும்” என்றார் பஷீர் இக்கா. “பாதிப் பேர் வழக்கு பேசத்தான் வரும்.”

“சும்மா இரு இக்கா. கோரம் ஆகட்டும்.”

ஆகவில்லை. பதினொன்றரைக்குத் தொண்ணூற்று மூன்று. பன்னிரண்டு மணிக்கும் தொண்ணூற்று மூன்று. செயலர் மைதானத்தின் வாசலுக்கும் மேசைக்கும் நடந்துகொண்டே இருந்தார். பிரியா மெதுவாகச் சொன்னாள்.

“அப்பா, பெரியப்பா டீக்கடைல உக்காந்திருக்காக. கூட ஒம்பது பேரு. யாரையும் போக விடல.”

ஏழு பேர் போதும். ஐம்பதடி தூரத்தில் பத்துப் பேர் டீ குடித்துக்கொண்டிருந்தார்கள். போனை இன்னும் கிட்டே இழுத்தேன். 

பன்னிரண்டே காலுக்கு அண்ணாச்சி வந்தார். வெள்ளைச் சட்டை. பின்னால் ஒன்பது பேர். நேராக மேசைக்கு முன்னால் நின்றார்.

“செயலரே, எத்தன பேரு?”

“தொண்ணூத்தி மூணு அண்ணாச்சி.”

“எத்தன வேணும்?”

“நூறு.”

அண்ணாச்சி கூட்டத்தைப் பார்த்துத் திரும்பினார். “கேட்டுக்கிடுங்க. கோரம் மாஃபி. கூட்டம் கலாஸ். எல்லாரும் வீட்டுக்குப் போய் சோறு பொங்குங்க.”

பின்வரிசையில் சிலர் எழுந்து சேலையைத் தட்டினார்கள். வடிவு மைக்கை எடுத்தாள்.

“இருங்க. அத்தான் சொல்லுதது சரிதான். கோரம் இல்ல. அத மறைக்கக் கூடாது. அப்படியே நோட்டுல எழுதிருவோம்.”

“எழுது” என்றார் அண்ணாச்சி.

“யாரு ஆட்சேபண சொன்னதுன்னு பேரு வேணும்லா?”

“பால்பாண்டின்னு எழுது. எனக்கென்ன பயமா?”

“எழுதுதேன் அத்தான். ஆனா வருகை நோட்டுல கையெழுத்து இல்லாதவுக சொன்னத எழுத முடியாதே. செயலரே, முடியுமா?”

செயலர் அண்ணாச்சியைப் பார்க்காமல் சொன்னார். “முடியாதும்மா.”

“ஒரு கையெழுத்துத்தான அத்தான்.”

அண்ணாச்சி சட்டைப் பையிலிருந்து சொந்தப் பேனாவை எடுத்தார். அவர் கையெழுத்து பெரிசு. இரண்டு வரியை அடைக்கும். போட்டுவிட்டு ஒன்பது பேரையும் பார்த்தார்.

“நீங்களும் போடுங்கலே. ஒரு ஆளு சொன்னா எடுபடாது.”

பஷீர் இக்கா என் தொடையைப் பிடித்து நசுக்கினார். “எடா... தொண்ணூற்றி நாலு.”

சுப்பையாவுக்கு விளங்கவில்லை. “என்னண்ணே?”

“பேசாதே. தொண்ணூற்றி அஞ்சு. ஆறு.”

வரிசையாகக் குனிந்து போட்டார்கள். வடிவு முகத்தில் ஒன்றும் இல்லை. மைக்கைப் பிடித்த விரல் மட்டும் மெதுவாக அசைந்தது. தொண்ணூற்று ஒன்பது ஆனது. அடுத்த ஆளுக்குப் பேனா எழுதவில்லை. உதறினான். மறுபடி கிறுக்கினான். எழுதவில்லை. நிமிர்ந்து பார்த்தான்.

“அண்ணாச்சி, பேனா...”

“ஒரு பேனா வச்சிக்கிட துப்பில்ல. இந்தாலே!” என்று அண்ணாச்சி தன் பேனாவை நீட்டினார்.

அவன் போட்டான்.

பஷீர் இக்கா கட்டிலில் ஓங்கி அடித்தார். பக்கத்து அறையிலிருந்து எட்டிப் பார்த்தார்கள். மீதி மூன்று பேரும் போட்டு முடித்தார்கள். செயலர் விரலை வைத்து எண்ணினார். ஒரு தடவை. இரண்டு தடவை. பிறகு மெதுவாகச் சொன்னார்.

“தலைவரம்மா, நூத்தி மூணு. கோரம் இருக்கு.”

 முதலில் கீழத் தெருப் பெண்கள் பக்கம் ஒரு சிரிப்பு கிளம்பியது. பிறகு எல்லாப் பக்கமும். போன் ஆடியது. பிரியா சிரித்திருப்பாள்.

8

அதன்பிறகுதான் கூட்டம். அண்ணாச்சியை வடிவு முதலில் பேசச் சொன்னாள். அவர் நன்றாகவே பேசினார். தோப்புப் பக்கம் மேடு, மேட்டில்தான் தொட்டி கட்ட வேண்டும் என்றார். அதில் நியாயம் இருந்தது. நான்கூடத் தலையாட்டினேன்.

கீழத் தெரு பார்வதி எழுந்தாள்.

“மேடுதான் அண்ணாச்சி, இல்லேங்கல. மேட்டுலருந்து தண்ணி மொதல்ல எங்க எறங்கும்? ஒங்க தென்னைக்குல்லா?”

மறுபடி சிரிப்பு. அண்ணாச்சிக்கும் உதடு கொஞ்சம் கோணியது. கை தூக்கச் சொன்னார்கள். பள்ளிக்கூடத்துக்குப் பின்னால் என்று அதிகக் கை எழுந்தது. அண்ணாச்சியோடு வந்த ஒன்பது பேரில் நான்கு பேர் அதற்குத்தான் தூக்கினார்கள். அவர்கள் வீடு கீழத் தெரு. டீ குடிக்கும்போது இதை அண்ணாச்சி யோசிக்கவில்லை.

கூட்டம் கலைந்த பிறகு அவர் மேசைக்குப் போனார்.

“எம் பேர அடி. நான் கூட்டத்துக்கு வரல. சொல்லிட்டுப் போகத்தான் வந்தேன்.”

“பழைய நோட்டுல வராதவுக பேரயே அடிக்கக் கூடாதாம். வந்தவுக பேர எப்படி அத்தான் அடிக்க?” என்றாள் வடிவு.

அன்று ஷிஃப்டுக்குப் போகும்போது பஸ்ஸில் தனியாகச் சிரித்துக்கொண்டு போனேன். மறுநாள் அவளிடம் கேட்டேன்.

“தெரிஞ்சேதான் செஞ்சியா?”

“அவ்வோ பத்துப் பேரா வாசல்ல வந்து நின்னப்பவே எண்ணிட்டேன். ஏழுதான் வேணும். மூணு மிச்சம்.”

அவ்வளவுதான் சொன்னாள். அடுப்பில் பால் என்று வைத்துவிட்டாள்.

ஊரில் பெரிதாக எதுவும் மாறிவிடவில்லை. கூட்டுறவுச் சங்கத்தில் இன்னும் நோட்டுதான் சுற்றுகிறது. தொட்டி கட்டி முடிய இன்னும் சில மாதம் ஆகும். இங்கே எனக்கு ஓட்டு இல்லை. அங்கே ஓட்டு இருக்கிறது, நான் இல்லை. இருந்தாலும் அச்சு ஒரு இடத்தில் சரியாகியிருக்கிறது என்று நினைக்கிறேன்.

அப்படி நினைக்க ஒரு காரணம் உண்டு. கூட்டம் முடிந்து நான்கு நாள் அண்ணாச்சி எனக்குப் போன் போடவில்லை. எனக்குப் பயமாகத்தான் இருந்தது. ஐந்தாம் நாள் போட்டார். திட்டுவார் என்று எடுத்தேன்.

“ஏலே, அடுத்த கிராம சபை எப்பலே?”

“எதுக்கு அண்ணாச்சி?”

“ரோட்டு வேல வருதுல்லா. இந்தத் தடவ சும்மா போய் நிக்கக் கூடாது. எழுதிக்கிட்டுப் போகணும். ஆளும் ஒழுங்கா கூட்டிட்டுப் போகணும். அவ எண்ணுதா. நானும் எண்ணிட்டுத்தான் போவேன். தேதிய மட்டும் கேட்டுச் சொல்லு.”

“அத நான் எப்படிச் சொல்ல? தலைவர்கிட்ட கேளுங்க.”

   வடிவு வீடும் அவர் வீடும் ஒரே சுவர். அவளிடம் ஒன்று சொல்ல வேண்டும் என்றால் இத்தனை வருஷமும் எனக்குத்தான் போன் போடுவார்.

பேனாவைத் தேடுகிற சத்தம் கேட்டது.

“சரி” என்றார். “தலைவர் நம்பரக் குடு.”